மேளம் இல்லாத ஊர்வலம்

தைப்பூசத்தன்று அண்ணாமலையார் ஈசானியக் குளத்துக்குத் தீர்த்தவாரிக்குப் போகிறார். போகும்போது நாதஸ்வரம், தவில் எல்லாம் உண்டு. திரும்பும்போது ஒன்றும் கிடையாது. தீர்த்தவாரி முடிந்த கையோடு அவருக்கு ஒரு சாவுச் செய்தி வருகிறது. வல்லாள மகாராஜா போரில் மாண்டுபோனார். மேளதாளம் நின்றுவிடும். சுவாமி வாத்தியம் இல்லாமல் கோயிலுக்குத் திரும்புவார். ஒரு மாதம் கழித்து, மாசி மகத்தன்று, பள்ளிகொண்டாப்பட்டில் கௌதம நதிக்கரையில் அந்த ராஜாவுக்குத் திதி கொடுப்பார். பிள்ளை செய்ய வேண்டிய காரியம். ராஜாவுக்குப் பிள்ளை இல்லை, அதனால் சுவாமி செய்கிறார்.

எங்கள் தெருவில் தவில் வாசிக்கிறவர் ஒருவர் இருந்தார். தெருப் பிள்ளைகள் எல்லோருக்கும் அவர் மாமா. எட்டு வயதிருக்கும்போது ஒரு தைப்பூசத்துக்கு அவரோடு தொற்றிக்கொண்டு போனேன். திரும்பும் வழியில் தவிலுக்கு உறையை மாட்டித் தோளில் போட்டுக்கொண்டார். விரல் கூடுகளைக் கழற்றி இடுப்பு வேட்டியில் முடிந்துகொண்டார். ஸ்ரீபாதந்தாங்கிகளின் மூச்சும் காலடிச் சத்தமும்தான் கேட்டன.

"ஏன் மாமா வாசிக்கல?"

"சாமிக்கு அப்பா செத்துட்டாருடா. துக்கக்காரன் கூட நடக்கறப்போ கல்யாண மோளமா வாசிப்பாங்க?"

வீட்டுக்கு வந்து ஆயாவிடம் சொன்னேன். நாங்கள் கத்தோலிக்கர்கள். பெரிய கோயிலைப் பற்றி எங்கள் வீட்டில் ஏச்சும் கிடையாது, பேச்சும் கிடையாது. ஆயா முறத்தில் இருந்த அரிசியிலிருந்து கண்ணை எடுக்காமல், "பெரிய வெள்ளிக்கு நம்ம கோயில்லயும் மணி அடிக்கறதில்ல இல்ல" என்றாள். பெரிய வியாழன் பூசையில் கடைசியாக மணி ஒலிக்கும். அதன்பின் சனிக்கிழமை இரவுவரை மணிக்கு வாயில்லை. மணிக்குப் பதில் ஒரு மரச்சட்டத்தைக் கடகடவென்று தட்டுவார்கள். ஆயா சொன்னது அந்த ஒரு வாக்கியம்தான். அதைத்தான் இப்போது விரித்துப் பார்க்கிறேன்.

முதலில் புராணம். பிள்ளையில்லாத வல்லாளன், கேட்டவர்க்கு இல்லை என்று சொல்லாதவன் என்று பேர் எடுத்தவன். அவனைச் சோதிக்கச் சிவன் ஒரு சிவனடியார் வேடத்தில் வருகிறார். இன்றிரவு எனக்கு ஒரு பெண் துணை வேண்டும் என்கிறார். ஊரில் உள்ள கணிகையர் வீடுகளிலெல்லாம் தன் கணங்களை முன்பே அனுப்பி அடைத்துவைத்துவிட்டார். வாக்குக் கொடுத்த ராஜா திகைத்து நிற்கும்போது இளைய ராணி சல்லமா தேவி முன்வருகிறாள். அறைக்குள் போனால் அடியார் கண்மூடிக் கிடக்கிறார். எழுப்புவதற்காகத் தொடுகிறாள். தொட்ட இடத்தில் ஒரு கைக்குழந்தை கிடந்து வீறிடுகிறது. ராஜா ஓடிவந்து வாரி எடுக்கிறான். குழந்தை மறைகிறது. விடைமேல் தோன்றிய இறைவன், உனக்குப் பிள்ளையாக இருந்து உன் கடைசிக் காரியங்களை நானே செய்வேன் என்று வாக்குக் கொடுக்கிறார்.

இந்தக் கதையை நான் முழு மனதோடு சொல்ல முடிந்ததில்லை. ராஜாவின் கொடைப் பெருமைக்கு ராணியின் உடம்பு எப்படி ஈடாகிறது? அவளை யார் கேட்டார்கள்? பக்தியின் பேரால் இந்த இடத்தை வழவழவென்று தாண்டிப் போகிறவர்கள் உண்டு, எனக்கு முடியவில்லை. ஆனாலும் கதை தன் அழுக்கைத் தானே ஓரிடத்தில் கழுவிக்கொள்ளப் பார்க்கிறது. அதிகாரத்தோடு கேட்டு வந்தவன், அவள் கைபட்டதும் கேட்கத் தெரியாதவனாக, பாலுக்கு அழுகிறவனாக ஆகிவிடுகிறான். சோதிக்க வந்த கடவுள் கடைசியில் ஒரு பெண்ணின் மடியை நம்பிக் கிடக்கிறார். பெத்லகேம் தெரிந்த எவனும் இந்த இடத்தில் ஒரு கணம் நிற்காமல் போகமாட்டான்.

அடுத்தது சரித்திரம். அது புராணத்தைவிடக் கடுமை. வல்லாளன் என்று ஊர் சொல்வது ஹொய்சள அரசர் மூன்றாம் வீர வல்லாளரை. துவாரசமுத்திரம் படையெடுப்புகளில் சிதைந்தபின் திருவண்ணாமலையைத் தலைநகராக வைத்துக்கொண்டு ஆண்டவர். 1343-இல் மதுரை சுல்தானோடு நடந்த போரில் பிடிபட்டுக் கொல்லப்பட்டார். அந்நாளில் மதுரைக்கு வந்த இபின் பதூதா என்ன நடந்தது என்று எழுதியிருக்கிறார். எண்பது வயதுக் கிழவரின் தோலை உரித்து, வைக்கோல் அடைத்து, மதுரை மதிலில் தொங்கவிட்டார்கள். தொங்கியதைத் தான் பார்த்ததாகவும் சொல்கிறார். எதிரியின் உடலைக் கொடியாக ஏற்றிக் காட்டுவது அந்தக் காலத்து அரசர்கள் பலருக்கும் கைவந்த வழக்கம்தான்.

சரித்திரம் இன்னொன்றும் சொல்கிறது. வல்லாளருக்குப் பிள்ளை இருந்தான். அப்பாவுக்குப்பின் நான்காம் வல்லாளனாகப் பட்டத்துக்கு வந்தான். சில ஆண்டுகளில் அவனும் போனான், அவனோடு வம்சமும் போனது. அப்படியானால் புராணம் பொய்யா? எனக்கு அப்படித் தோன்றவில்லை. பிள்ளை இருந்தால் மட்டும் என்ன? பிள்ளைக்குப் பிறகு யார்? மதிலில் தொங்கிய உடலுக்கு எள்ளும் தண்ணீரும் இறைக்க யார் இருந்தார்கள்? கேட்பாரற்றுப் போன ஒரு சாவைத் தாங்க முடியாத ஊர், அந்தக் காரியத்தைத் தன் கடவுளின் தலையில் வைத்துவிட்டது. அவரும் தட்டாமல் ஏற்றுக்கொண்டிருக்கிறார்.

திதி என்பது விசித்திரமான காரியம். வாங்கிக்கொள்கிறவர் நன்றி சொல்லமாட்டார், திருப்பித் தரமாட்டார், வந்து சேர்ந்ததா என்றுகூடத் தெரிவிக்கமாட்டார். உயிரோடிருக்கிறவர்களிடம் நாம் காட்டும் அன்பில் எவ்வளவுதான் தூய்மை இருந்தாலும் ஓரத்தில் ஒரு மொய்ப்பணக் கணக்கு ஒளிந்திருக்கும். நீ என் வீட்டுக் கல்யாணத்துக்கு என்ன வைத்தாய் என்ற கணக்கு. செத்தவர்களிடம் அந்தக் கணக்கு செல்லாது. டேனிஷ் தத்துவவாதி கீர்க்ககார்ட் 1847-இல் எழுதிய 'அன்பின் செயல்கள்' என்ற நூலில் இதற்கென்றே ஓர் அத்தியாயம் வைத்திருக்கிறார். ஒருவனுடைய அன்பு எந்த அளவுக்குத் தன்னலம் இல்லாதது என்று பார்க்க வேண்டுமா, இறந்தவரை அவன் எப்படி நினைக்கிறான் என்று பாருங்கள் என்பது அவர் வாதம். நான் படித்தது இவ்வூர் டேனிஷ் மிஷன் பள்ளியில். அங்கே படித்த காலத்தில் கீர்க்ககார்ட் என்ற பேரே எனக்குத் தெரியாது. பிறகு படித்தபோது பள்ளிகொண்டாப்பட்டு மணல்தான் கண்ணில் வந்தது. அவருக்கு அதைக் காட்டியிருக்கலாம்.

கிறிஸ்தவ மேடைகளில் கடவுளின் நிபந்தனையற்ற அன்பு என்ற சொற்றொடர் தேய்ந்து வழுக்குகிறது. சொல்கிறவருக்கும் வலிப்பதில்லை, கேட்கிறவருக்கும் சுடுவதில்லை. உண்மையில் நாங்கள் யாரும் அதை நம்பி நடந்ததும் இல்லை. ஆயாவே கெட்டிக்காரக் கணக்குப்பிள்ளை. அந்தோணியாருக்குப் பதிமூன்று செவ்வாய் போவாள். பதினோராவது செவ்வாயில் காரியம் முடிந்துவிட்டால் மீதி இரண்டை வெட்டியாகப் போகிறோமோ என்று அவளுக்கு ஒரு குறை இருக்கும். இந்தப் பக்கம் இப்படி என்றால் அந்தப் பக்கம் இத்தனை பௌர்ணமி மலையைச் சுற்றினால் இன்னது நடக்கும் என்ற கணக்கு. நமக்குத் தெரிந்த அன்பு கொடுக்கல் வாங்கல்தான். லூக்கா சொல்லும் ஊதாரிப் பிள்ளையின் கதையில் மூத்தவனுக்குக் கோபம் வருவதும் இதனால்தான். அவனுடைய கணக்கில் தப்பே கிடையாது. அப்பாதான் கணக்கை விட்டுவிட்டு, வயதுக்கும் மரியாதைக்கும் ஒவ்வாத வேகத்தில் தெருவில் ஓடுகிறார்.

இந்த அன்பைச் சொல்லத் தமிழ்க் கத்தோலிக்கர்களிடம் ஒரு நல்ல சொல் இருக்கிறது. இயேசு பட்ட வேதனையை நாங்கள் 'பாடுகள்' என்போம். திருப்பாடுகளின் ஞாயிறு, பாடுகளின் வரலாறு. லத்தீனில் இதற்கு 'பாஸியோ'. அதிலிருந்து கிளைத்த ஐரோப்பியச் சொற்களில் வேட்கையும் வேதனையும் ஒரே வார்த்தைக்குள் குடியிருக்கின்றன. தமிழ் வேறொரு பக்கம் போயிற்று. பாடு என்றால் உழைப்பு, வருத்தம், ஒருவனுடைய பங்கு, அவனுடைய நிலைமை. பிள்ளைகளுக்காகப் பாடுபட்டேன் என்கிறோம். பெரும் பாடாகப் போயிற்று என்கிறோம். அவனவன் பாடு அவனவனுக்கு என்றும் சொல்கிறோம். இந்தக் கடைசி வாக்கியம்தான் உலகத்தின் சட்டம். சிலுவையில் கடவுள் மீறியது இந்தச் சட்டத்தை. மனிதனுடைய பாட்டைத் தன்னுடைய பாடாக எடுத்துக்கொண்டார். நிபந்தனையற்ற அன்பு என்ற பெரிய சொற்றொடரைவிட இந்த இரண்டெழுத்து எனக்கு நன்றாகப் புரிகிறது.

இந்த ஊரின் மலைக்குகையில் உட்கார்ந்து இந்த அன்பைப் பற்றி மண்டையை உடைத்துக்கொண்ட ஒரு கிறிஸ்தவத் துறவியும் உண்டு. பிரான்சின் பிரித்தானிக் கடற்கரை ஊரில் 1910-இல் பிறந்தவர், ஆன்றி லெ சோ. பெனடிக்ட் சபைத் துறவி. 1942-இல், மடத்தில் இருக்கும்போது, தன் தாய்க்காக ஒரு கையெழுத்து நூல் எழுதினார். தலைப்பு 'அன்பும் ஞானமும்'. 1948-இல் இந்தியாவுக்கு வந்தார். மறு வருடம் ஜனவரியில், குளித்தலையில் பணியாற்றிய ழூல் மோன்ஷானன் என்ற குருவோடு இங்கே ரமண மகரிஷியைப் பார்க்க வந்தார். முதல் தரிசனத்தில் ஒன்றும் பிடிபடவில்லை, ஏமாற்றம்தான். அதன்பின் காய்ச்சலில் விழுந்தார். ஆசிரமத்தில் இருந்த ஓர் ஆங்கிலப் பெண்மணி, மனத்தில் சுமையை ஏற்றிக்கொண்டு வந்திருக்கிறீர்கள், இறக்கிவைத்துவிட்டுப் பாருங்கள் என்ற பொருளில் கண்டித்திருக்கிறார். பாதிரியாருக்கு அது நன்றாகவே தைத்தது.

லெ சோவும் மோன்ஷானனும் 1950-இல் காவிரிக்கரைத் தண்ணீர்ப்பள்ளியில் சச்சிதானந்த ஆசிரமம் தொடங்கினார்கள். சாந்திவனம் என்றால் எல்லோருக்கும் தெரியும். லெ சோ காவி உடுத்தி அபிஷிக்தேசுவரானந்தர் ஆனார். ஆனால் மலை அவரை விடவில்லை. 1952 தொடங்கிச் சில ஆண்டுகள் விட்டுவிட்டு வந்து அண்ணாமலைக் குகைகளில் மௌனமாகத் தங்கினார். ஊருக்குள் இறங்கிப் பிச்சையெடுத்துச் சாப்பிட்டார். அதே குகையில் பூசையும் வைத்தார். அவருடைய நாட்குறிப்பு முழுக்க ஒரே கேள்வி வேறுவேறு உருவில் அலைகிறது. இரண்டில்லை என்பது உண்மையானால் அன்பு செய்வது யார், அன்பைப் பெறுவது யார்? பிதாவே என்று கூப்பிட ஒரு வாயும் கேட்க ஒரு காதும் வேண்டாமா? சைவ சித்தாந்திகள் அத்துவிதத்துக்கு ஒன்றும் அல்ல இரண்டும் அல்ல என்று பொருள் சொல்லி நகர்ந்துவிடுவார்கள். அவரால் அப்படி நகர முடியவில்லை. இந்தப் பக்கமும் விடவில்லை, அந்தப் பக்கமும் விடவில்லை.

அவர் வந்த மரபு காதலை அறியாததல்ல. பன்னிரண்டாம் நூற்றாண்டில் கிளர்வோ பெர்நார்து விவிலியத்தின் இனிமைமிகு பாடலுக்கு 86 மறையுரைகள் எழுதியும் முடிக்கவில்லை. ஆன்மா மணமகள், கடவுள் மணவாளர் என்பது அங்கே பழகின பேச்சு. இங்கே ரமணர் விருபாட்சக் குகை நாட்களில், பிச்சைக்குப் போகும் அடியார்கள் பாடுவதற்காக இயற்றிய அட்சரமணமாலையிலும் அருணாசலம் நாயகன், ஆன்மா நாயகி. இரண்டு மரபும் இந்த மலையடியில் கைகுலுக்கிக்கொள்ளும் இடம் இது என்று எழுதுவது எளிது, பலர் எழுதியும் விட்டார்கள். எனக்கு அதைவிட ஒரு படி கீழே பார்க்கத் தோன்றுகிறது. காதலில் பதில் உண்டு. ஏக்கம், கோபம், ஊடல் என்று ஏதோ ஒன்று திரும்பி வந்துகொண்டிருக்கும். பதிலே வராத இடத்தில் என்ன நடக்கிறது? கூப்பிட வாயும் கேட்கக் காதும் போனபின் அந்த அன்பு எங்கே போய் நிற்கிறது?

பெரிய சனிக்கிழமையின் கேள்வி இதுதான். வெள்ளிக்கிழமை மாலை அரிமத்தியா ஊர் யோசேப்பு தைரியமாகப் போய் உடலைக் கேட்டு வாங்குகிறார். நிக்கதேம் வெள்ளைப்போளமும் அகிலும் கொண்டுவருகிறார். கடவுளுக்கு மனிதர்கள் காரியம் செய்கிறார்கள். கௌதம நதிக்கரையில் நடப்பதற்கு நேர்மாறு. மறுநாள், மணியே அடிக்காத அந்த நாளில், நடப்பது என்ன என்று எங்கள் விசுவாசப் பிரமாணம் ஒரே மூச்சில் சொல்லிவிட்டுப் போகிறது. அவர் பாதாளத்தில் இறங்கினார். செத்தவர்கள் இருக்கும் இடத்துக்கு.

இஸ்தான்புல்லில் முன்பு கோரா தேவாலயமாக இருந்த கட்டடத்தின் சுவரில் அந்த இறக்கத்தைத் தீட்டியிருக்கிறார்கள். பதினான்காம் நூற்றாண்டின் தொடக்கம். வல்லாளர் உயிரோடு ஆண்டுகொண்டிருந்த காலம். நான் நேரில் பார்த்ததில்லை, அச்சிட்ட படம்தான். வெள்ளுடையில் கிறிஸ்து காலை அகட்டி நிற்கிறார். காலடியில் பாதாளத்தின் கதவுகள் பிளந்து கிடக்கின்றன, பூட்டும் தாழும் சிதறிக் கிடக்கின்றன. ஒரு கையால் ஆதாமையும் மறுகையால் ஏவாளையும் கல்லறையிலிருந்து தூக்குகிறார். படத்தை நெருங்கிப் பார்த்தால் ஒன்று தெரியும். அவர் பிடித்திருப்பது உள்ளங்கையை அல்ல, மணிக்கட்டை. கைகோத்துக்கொண்டால் இரண்டு பேரும் பிடிக்க வேண்டும். மணிக்கட்டைப் பிடித்தால் பிடிப்பது ஒருவர்தான். செத்த கைக்குப் பிடித்துக்கொள்ளத் தெரியாது.

தமிழ் வைணவர்கள் இதைப் பற்றி நூற்றாண்டுக் கணக்கில் சண்டை போட்டிருக்கிறார்கள். குட்டி தாயைப் பற்றிக்கொள்ளும் குரங்கா, தாயே குட்டியைக் கவ்விக்கொண்டு போகும் பூனையா? கோரா சுவர் பூனையின் கட்சி. மாசி மகமும் பூனையின் கட்சிதான். வைக்கோலடைத்த வல்லாளரால் எதைப் பற்றியிருக்க முடியும்?

சிலுவையும் திதியும் ஒன்று என்று நான் சொல்ல வரவில்லை. பிலாத்துவின் ஆட்சியில் ஒருமுறை நடந்து முடிந்தது என்பது எங்கள் நம்பிக்கை. இங்கே வருடாவருடம் நடக்கிறது. திதி மரணத்தை ஒப்புக்கொண்டு மரியாதை செய்கிறது. கோராவின் கிறிஸ்து கதவையே உடைக்கிறார். வேறுபாடு சின்னதல்ல. ஆனால் ஒரு விஷயத்தில் இரண்டும் ஒரே பக்கம் நிற்கின்றன. அன்பு உண்மையா என்பதற்கு உரைகல், பெறுகிறவனின் தகுதி அல்ல, அவனால் இனி எதுவும் செய்ய முடியாது என்ற நிலை. அந்த நிலையில் இருப்பவன் நான்தான் என்று ஒப்புக்கொள்வது, பதிமூன்று செவ்வாய் போவதைவிடக் கடினம்.

லெ சோவுக்கு அது கடைசியில்தான் வாய்த்தது என்று நினைக்கிறேன். 1973 ஜூலையில், ரிஷிகேசத்தில், பஸ்ஸைப் பிடிக்க ஓடியவர் மாரடைப்பில் தெருவோரம் விழுந்தார். முப்பது வருடக் கேள்வியோடு கையசைக்க முடியாமல் கிடந்தார். உயிர் பிழைத்தபின் அந்தக் கிடப்பைத் தன் வாழ்க்கையின் பெரிய கண்டடைவாக நண்பர்களுக்கு எழுதினார். கேள்விக்கு விடை கிடைத்ததா என்றால், வாதமாகக் கிடைக்கவில்லை. பற்ற முடியாமல் கிடந்தபோதும் பிடிக்கப்பட்டிருந்தார், அவ்வளவுதான். அந்த டிசம்பர் 7-ஆம் தேதி இந்தூரில் இறந்தார். அங்கே புதைத்தார்கள். பிள்ளைகுட்டி இல்லாதவர். பின்னாளில் அவருடைய எச்சங்களைச் சாந்திவனத்துக்குக் கொண்டுவந்து காவிரிக்கரையில் வைத்தார்கள். அதைச் செய்தவர்களுக்கு அவரால் ஒரு நன்றி சொல்ல முடிந்திருக்காது.

தவில் மாமாவுக்கும் பிள்ளை கிடையாது. அதைப் பற்றி யாராவது இழுத்தால், "எனக்கென்னடா குறை, நான் வாசிச்சவனே எனக்கும் செய்வான்" என்பார். விளையாட்டா, உறுதியா என்று கடைசிவரை எனக்குப் புரியவில்லை. அவருடைய தம்பி மகன் கொள்ளி வைத்தான்.

கல்லறைத் திருநாளில் ஆயா எப்போதும் ஒரு மெழுகுவர்த்தி அதிகமாக வாங்குவாள். எங்கள் ஆட்களுக்கெல்லாம் ஏற்றியபின் மிச்சமிருக்கும் ஒன்றை மதிலோரம், பெயர் அழிந்துபோன ஒரு மேட்டில் வைப்பாள். யாரும் நினையாத ஆத்துமாக்களுக்கு. ஆயாவுக்குப் பிறகு நான் வைக்கிறேன். மாமா இறந்த வருடம் அதை வைக்கும்போது அவர் நினைவு வந்தது. அந்த ஆத்துமாக்கள் காத்திருக்கும் உத்தரிக்கிற ஸ்தலம் என்றால் அவருக்கு என்னவென்றே தெரியாது. எந்தக் கணக்கில் இது சேரும் என்று எனக்கும் தெரியாது.

அடுத்த தைப்பூசத்துக்கு ஈசானியக் குளத்துக்குப் போனேன். செய்தி சொல்லியாயிற்று. இளவட்டம் ஒருவர் தவிலுக்கு உறை மாட்டிக்கொண்டிருந்தார். சுவாமி எழுந்தார். நானும் கூட நடந்தேன்.